யூனியாவுக்கு மீசை வந்த கதை

மதங்களை உருவாக்கியதும் நடத்தியதும் ஆண்கள்தான். பெண்கள் கும்பிட்டார்கள், நோன்பிருந்தார்கள். அதற்குமேல் அவர்களுக்கு அங்கே என்ன வரலாறு இருக்கிறது? பெண் தெய்வத்தை வணங்கிய ஆதிகாலத்தில் பெண்கள்தான் மேலே இருந்தார்கள் என்கிறார்களே, அது மெய்யா? கேள்வி இதுதான். இரண்டாவது பாதிக்குப் பதில் சின்னது, அதைப் பிறகு சொல்கிறேன். முதல் பாதிக்கு 1927ஆம் ஆண்டிலிருந்து தொடங்குவது எனக்கு வசதி.

அந்த ஆண்டில் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத மூன்று காரியங்கள் நடந்தன. இராக்கின் தென்பகுதியில் ஊர் என்ற பழைய நகரத்தைத் தோண்டிக்கொண்டிருந்த லெனர்ட் வூலிக்கு உடைந்த வெள்ளைக்கல் வட்டு ஒன்று கிடைத்தது. சோற்றுத் தட்டு அளவு இருக்கும். அதன் பின்பக்க எழுத்தில் ஒரு பெண்ணின் பெயர்: என்ஹெடுவன்னா, சந்திரக் கடவுள் நன்னாவின் தலைமைப் பூசாரி, அக்காத் மன்னன் சார்கோனின் மகள். காலம் ஏறக்குறைய கி.மு. 2300. இனன்னா என்ற தேவி மேல் அவர் பாடிய பாடல்கள் களிமண் பலகைகளில் இருக்கின்றன. பாடியவர் பெயரோடு நமக்குத் தெரியவரும் முதல் இலக்கியம் அவருடையதுதான். உலகத்தின் முதல் எழுத்தாளர் என்று யாரையாவது சொல்லவேண்டுமென்றால் இந்தப் பூசாரி அம்மையைத்தான் சொல்லவேண்டும்.

அதே 1927இல் ஜெர்மனியில் நெஸ்லே பதிப்பு எனப்படும் கிரேக்கப் புதிய ஏற்பாட்டின் 13ஆம் பதிப்பு வெளிவந்தது. உலகமெங்கும் பைபிளை மொழிபெயர்ப்பவர்கள் கையில் வைத்திருந்த மூலநூல் அது. ரோமருக்கு எழுதிய கடிதத்தின் கடைசி அதிகாரத்தில் பவுல் இரண்டு பேருக்கு வாழ்த்துச் சொல்கிறார்: அன்றோனீக்கு, யூனியா. தன்னோடு சிறையிருந்தவர்கள், தனக்கு முன்பே கிறிஸ்துவை ஏற்றவர்கள், அப்போஸ்தலருக்குள், அதாவது கிறிஸ்துவின் தூதர்களுக்குள், பெயர்பெற்றவர்கள் என்று இருவரையும் பாராட்டுகிறார். புதிய பதிப்பில் இந்த யூனியா என்ற பெண் ஆணாகிவிட்டார்.

மூன்றாவது லண்டனில். "எளிய ஆன்மாக்களின் கண்ணாடி" என்ற பழைய பக்தி நூல் ஒன்று ஆங்கிலத்தில் அச்சானது. பெயர் தெரியாத ஒரு பிரெஞ்சு ஞானி எழுதியது என்று அட்டையில் போட்டிருந்தார்கள். கத்தோலிக்கத் திருச்சபையின் அச்சு அனுமதி முறைப்படி வாங்கப்பட்டிருந்தது. அந்தப் "பெயர் தெரியாத ஞானி" மார்கரீத் பொரேத் என்ற பெண். 1310 ஜூன் 1 அன்று பாரிஸில் அவரை உயிரோடு எரித்தார்கள். காரணம் இந்தப் புத்தகம்தான்.

ஒருத்தி மண்ணிலிருந்து வெளியே வருகிறாள், ஒருத்திக்கு அச்சுக்கூடத்தில் மீசை முளைக்கிறது, ஒருத்தியின் எழுத்து மட்டும் பெயரில்லாமல் கௌரவமாக உலா வருகிறது. மத வரலாற்றில் பெண்கள் என்ன ஆனார்கள் என்பதற்கு இந்த மூன்றும் மூன்று மாதிரிகள். அவர்கள் இல்லாமல் போகவில்லை. இருந்தவர்களின் தடம் எப்படி அழிந்தது என்பதைத்தான் பார்க்கவேண்டும்.

யூனியா சமாசாரத்தைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்க்கலாம். தமிழில் "யூனியாவை வாழ்த்துங்கள்" என்றால் ஆணா பெண்ணா என்று வேற்றுமை உருபு காட்டாது. கிரேக்கத்திலும் அந்த இடத்தில் அதே தொல்லை. இரண்டாம் வேற்றுமையில் ஆண்பால் பெயரும் பெண்பால் பெயரும் ஒரே எழுத்துகளில் வரும், மேலே இடும் அழுத்தக்குறி எங்கே விழுகிறது என்பதுதான் வேறுபாடு. பழைய ஏடுகளில் அந்தக் குறிகளே கிடையாது. சரி, அப்படியானால் சந்தேகத்துக்கு இடம் இருக்கிறதே என்று தோன்றும். இல்லை. யூனியா என்பது ரோமானியப் பெண்களுக்கு இருந்த மிகச் சாதாரணமான பெயர், ரோம் நகரக் கல்வெட்டுகளில் மட்டும் 250 தடவைக்கு மேல் வருகிறது. யூனியாஸ் என்ற ஆண் பெயரோ அந்தக் காலத்து ஆவணம் ஒன்றில்கூட இல்லை. 4ஆம் நூற்றாண்டின் இறுதியில் கிரேக்கத்தையே தாய்மொழியாகக் கொண்ட யோவான் கிறிஸோஸ்தோம், அப்போஸ்தலர் என்று எண்ணப்படும் அளவுக்கு இந்தப் பெண்ணின் ஞானம் எவ்வளவு பெரிது என்று வியந்து பிரசங்கம் செய்திருக்கிறார். அவர் பெண்களை ஏகத்துக்கும் புகழ்கிறவரும் அல்ல.

பிறகு ஏன் ஆணாக்கினார்கள்? இடைக்காலத்திலேயே ஒரு சிலர் அப்படி எழுதத் தொடங்கினார்கள், லூத்தரின் ஜெர்மன் மொழிபெயர்ப்பும் அந்த வழியில் போனது. தர்க்கம் எளிமையானது: அப்போஸ்தலர் என்கிறார், அப்போஸ்தலர் பெண்ணாக இருக்க முடியாது, ஆகவே இது ஆண். சாட்சியத்தைப் பார்த்து முடிவுக்கு வராமல், முடிவை வைத்துக்கொண்டு சாட்சியத்தைத் திருத்தியிருக்கிறார்கள். 1927இல் விழுந்த அந்தக் குறி 1998இல்தான் நீங்கியது. 71 ஆண்டுகள். சுவாரசியம் என்னவென்றால், பெண்தான் என்று ஒப்புக்கொண்டதும் விவாதம் அடுத்த சொல்லுக்குத் தாவிவிட்டது. "அப்போஸ்தலருக்குள் பெயர்பெற்றவர்" அல்ல, "அப்போஸ்தலருக்கு நன்கு தெரிந்தவர்" என்றுதான் பொருள் என்று இப்போது சிலர் வாதிக்கிறார்கள்.

இனி அந்த ஆதிகாலத் தாய்த்தெய்வ விஷயம். துருக்கியில் சட்டல்ஹூயுக் என்ற ஊரில் ஏறக்குறைய 9000 ஆண்டுகளுக்கு முன் மனிதர்கள் வாழ்ந்த குடியிருப்பைத் தோண்டியபோது, 1961இல், இருபுறமும் பெரிய பூனை இனத்து விலங்குகள் நிற்க நடுவில் உட்கார்ந்திருக்கும் பருத்த பெண்ணின் களிமண் உருவம் கிடைத்தது. தாய்த்தெய்வ மதம், தாய்வழி ஆட்சி, பிறகு ஆண்கள் வந்து கவிழ்த்தார்கள் என்று ஒரு பெரிய கதையே அதிலிருந்து கிளம்பியது. பின்னால் அதே இடத்தைப் பல ஆண்டுகள் நிதானமாகத் தோண்டியவர்கள் எலும்புகளைப் பார்த்தார்கள். ஆணும் பெண்ணும் உண்ட உணவில் பெரிய வேறுபாடு இல்லை. புகைபோக்கி இல்லாத வீட்டு அடுப்பின் கரி நுரையீரலில் படிந்து, உடல் மக்கியபின் விலா எலும்பின் உட்புறம் ஒட்டியிருக்கிறது. அந்தக் கரியும் இரு பாலாரிடமும் இருந்தது. அதாவது வீட்டுக்குள் அடுப்போரம் கழிந்த நேரமும் ஏறத்தாழ ஒன்றுதான். ஓரளவு சமமாக வாழ்ந்திருக்கிறார்கள் என்று சொல்லலாம். பெண்கள் ஆண்டார்கள் என்பதற்கு அங்கே ஒன்றும் இல்லை.

தெய்வம் பெண்ணாக இருப்பதால் ஊரில் பெண்ணுக்கு மதிப்பு கூடிவிடும் என்பது நம் ஆசை. ஏதென்ஸ் நகரத்தின் காவல் தெய்வமே அதீனா, நகரத்தின் பெயரே அவள் பெயர். அந்த நகரத்துக் குடியாட்சியில் பெண்ணுக்கு வாக்கு கிடையாது, சொத்து விற்க வாங்க அதிகாரம் கிடையாது. ஆனாலும் அதே ஊரில் அதீனாவின் பூசாரியாக ஒரு பெண்தான் இருக்கவேண்டும். லிசிமாகே என்பவர் 64 ஆண்டுகள் அந்தப் பொறுப்பில் இருந்ததாக ரோமானிய எழுத்தாளர் மூத்த பிளினி எழுதுகிறார். அந்தப் பதவியும் ஒரே ஒரு பிரபுக் குடும்பத்துக்கு உரியது. என்ஹெடுவன்னாவும் சக்கரவர்த்தியின் மகள். ஊர் நகரத்தைத் தன் பிடியில் வைத்துக்கொள்ள மகளைக் கோயில் பதவியில் உட்கார வைத்தான் சார்கோன். ஒரு கலகக்காரன் தன்னைக் கோயிலைவிட்டு விரட்டினான் என்று பாட்டிலேயே புலம்புகிறார் அந்த அம்மையார். தேவி கோயில் யாருக்கு அதிகாரம் கொடுத்தது என்று கேட்டால், ஏற்கெனவே அதிகாரம் இருந்த வீட்டுப் பெண்களுக்கு என்பதுதான் பெரும்பாலும் பதில்.

தெய்வம் ஆணா பெண்ணா என்பதைவிட, வழிபாடு எங்கே நடக்கிறது என்று கேட்பது பலன் தரும். கிறிஸ்தவத்தின் முதல் இருநூறு ஆண்டுகள் வீடுகளில் கழிந்தன. வீடு யாருடையதோ அவர்தான் கூட்டத்துக்குத் தலைமாட்டில் இருப்பார். விதவைகள், வணிகம் செய்த பெண்கள், விடுதலையான அடிமைகள் எல்லாம் அதில் உண்டு. அதே ரோமர் கடிதத்தில் கெங்கிரேயா ஊர்ச் சபையின் ஊழியக்காரி பெபேயாள் வருகிறார். அவருக்குப் பவுல் பயன்படுத்தும் சொல்லும் ஆண் ஊழியர்களுக்குப் பயன்படுத்தும் அதே "தியாகொனோஸ்" தான். இதற்கு வெளியாள் ஒருவரின் சாட்சியும் இருக்கிறது, அது கொடுமையான சாட்சி. கி.பி. 112 வாக்கில் கருங்கடல் பக்கம் ஆளுநராக இருந்த இளைய பிளினி சக்கரவர்த்தி திராஜானுக்குக் கடிதம் எழுதுகிறார்: இந்தக் கிறிஸ்தவர்கள் என்னதான் செய்கிறார்கள் என்று அறிய இரண்டு அடிமைப் பெண்களைச் சித்திரவதை செய்து விசாரித்தேன், அவர்களைத் தங்கள் ஊழியக்காரிகள் என்கிறார்கள், அளவுகடந்த மூடநம்பிக்கையைத் தவிர வேறெதுவும் கிடைக்கவில்லை. ஒரு சபையின் உள்விவரம் வேண்டுமென்றால் யாரைப் பிடிக்கவேண்டும் என்று அந்த ரோமானிய அதிகாரிக்குத் தெரிந்திருக்கிறது. அந்த இருவரின் பெயரை அவர் எழுதவில்லை.

4ஆம் நூற்றாண்டில் அரசு அங்கீகாரம் வந்தது. வீட்டுக் கூடத்திலிருந்த வழிபாடு பொதுமண்டபத்துக்கு மாறியது. ரோமானியச் சமூகத்தில் வீடு பெண்ணின் ஆட்சிக்குட்பட்டது, பொதுவிடம் ஆணுடையது. இடம் மாறியதும் ஆள் மாறியது. ஆயர்கள் கூடிய லவோதிக்கேயா சங்கம் மூத்த பெண்களைச் சபைப் பொறுப்பில் அமர்த்தாதே என்றது. 441இல் பிரான்சின் ஆரஞ்சு நகரத்துச் சங்கம் பெண் தியாக்கோன்கள், அதாவது பெபேயாள் போன்ற ஊழியக்காரிகள், இனி வேண்டாம் என்றது. 494இல் போப் கெலாசியுஸ் தென் இத்தாலி ஆயர்களுக்கு எழுதிய கடிதத்தில், பலிபீடத்தில் பெண்கள் ஊழியம் செய்கிறார்களாமே என்று கடிந்துகொள்கிறார். இப்படிப்பட்ட தடையுத்தரவுகளைப் படிக்க ஒரு வழி இருக்கிறது. யாரும் செய்யாத காரியத்தை யாரும் தடை செய்யமாட்டார்கள். ஒரே தடையை நூறு ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்கிறார்கள் என்றால் அது அந்த நூறு ஆண்டும் நடந்துகொண்டிருந்தது என்று பொருள்.

எல்லா இடத்திலும் கதை இதே வரிசையில் போகவில்லை. எழுத்து வந்ததும் பெண்கள் வெளியேற்றப்பட்டார்கள் என்று சூத்திரம் போட நினைப்பவர்கள் இஸ்லாமிய ஹதீஸ் கலையைப் பார்த்துவிட்டு வரவேண்டும். நபிகள் நாயகத்தின் சொல் செயல்களை யார் யாரிடம் கேட்டார் என்ற தொடரோடு அறிவிப்பது அந்தக் கலை. நபிகளின் மனைவி ஆயிஷா அவர்கள் பெயரில் மட்டும் 2,210 அறிவிப்புகள் கணக்கிடப்படுகின்றன. வெறுமனே ஒப்பித்தவர் அல்லர் அவர், பிற தோழர்களைத் திருத்தியவர். தொழுகிறவர் முன்னால் நாய், கழுதை, பெண் கடந்துபோனால் தொழுகை முறிந்துவிடும் என்று ஒருவர் சொல்ல, எங்களை நாய்க்கும் கழுதைக்கும் சமமாக்கிவிட்டீர்களா என்று கேட்டு, தாம் கட்டிலில் குறுக்கே படுத்திருக்க நபிகள் தொழுததைத் தாமே பார்த்ததாகச் சொன்னது புகாரி என்ற பெரிய ஹதீஸ் தொகுப்பிலேயே இருக்கிறது. இப்படி அவர் திருத்தியவற்றை மட்டும் 14ஆம் நூற்றாண்டில் ஸர்கஷி என்ற அறிஞர் தனி நூலாகத் தொகுத்தார்.

அடுத்த தலைமுறைகளில் சட்டநுணுக்கமும் நெடும்பயணமும் இந்தக் கலைக்குக் கட்டாயமானபோது பெண் அறிவிப்பாளர்கள் குறைந்தார்கள். பிறகு வந்ததுதான் விசித்திரம். ஹதீஸ்கள் நூல்களாகி, அந்த நூல்கள் நிலைபெற்ற பின் பெண்கள் திரும்பி வந்தார்கள். காரணம் மிக எளிமையானது. ஆசிரியர் தொடர் எவ்வளவு குறுகலோ அவ்வளவு மதிப்பு. ஐந்து வயதுக் குழந்தையை எண்பது வயது ஆசிரியரின் பாடத்துக்குத் தூக்கிக்கொண்டு போனால், அந்தக் குழந்தை தொண்ணூறு வயது வாழ்ந்தால், நடுவில் ஒரே கண்ணியில் ஒன்றரை நூற்றாண்டைத் தாண்டிவிடலாம். நீண்டகாலம் வாழ்ந்த பாட்டிமார்களுக்கு அங்கே பெரும் மவுசு. மக்காவில் கரீமா என்ற அம்மையார் புகாரி தொகுப்பைப் பாடம் சொன்னார். பக்தாதின் பெரிய வரலாற்றாசிரியர் கதீப் அவரிடம் உட்கார்ந்து படித்தார். 1339இல் 90 வயது தாண்டி இறந்த டமாஸ்கஸ் ஸைனப் பின்த் அல்கமாலிடம் பாடம் கேட்க ஆண்கள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். ஆக, சட்டத் தீர்ப்பு சொல்லும் நாற்காலிக்குப் பெண் போவது அரிது, ஆனால் நபிமொழியை ஒப்படைக்கும் சங்கிலியில் பெண்ணுக்கு இடம் உண்டு. ஒரே மதத்துக்குள் ஒரு கதவு மூடியிருக்கும்போது அடுத்த கதவு திறந்திருக்கலாம். "இஸ்லாம் பெண்ணை என்ன செய்தது" "கிறிஸ்தவம் என்ன செய்தது" என்ற ஒற்றை வரிக் கேள்விகளால் இதனால்தான் எனக்கு அலுப்பு.

பௌத்தத்தில் இந்த இரண்டு கதவு விவகாரம் வெட்டவெளிச்சமாகவே இருக்கிறது. புத்தரை வளர்த்த மகாபஜாபதி கோதமி துறவு கேட்டு வருகிறார், மறுக்கப்படுகிறார். தலையை மழித்துக்கொண்டு, புழுதி படிந்த காலோடு நடந்தே பின்தொடர்ந்து வருகிறார். சீடர் ஆனந்தர் புத்தரிடம் கேட்பது ஒரு வக்கீல் கேட்பதைப் போன்ற கேள்வி: பெண்ணால் விடுதலை அடைய முடியுமா முடியாதா? முடியும் என்கிறார் புத்தர். அப்படியானால் ஏன் துறவு தரக்கூடாது? தருகிறார், எட்டு நிபந்தனைகளோடு. முதல் நிபந்தனையே நூறு ஆண்டு துறவியாக இருந்த பிக்குணியும் அன்றைக்குக் காலையில் துறவேற்ற பிக்குவை எழுந்து நின்று வணங்கவேண்டும் என்பது. இந்த நிபந்தனைகள் பிற்காலத்தில் சேர்க்கப்பட்டவை என்று கருதும் அறிஞர்கள் பலர். எப்படியானாலும் விடுதலையில் சமம், வரிசையில் கீழே என்ற ஏற்பாடு அங்கே எழுத்திலேயே இருக்கிறது.

அந்தப் பிக்குணிகள் என்ன நினைத்தார்கள் என்பது நமக்குத் தெரியும் என்பதுதான் அதிசயம். தேரீகாதை என்ற பாலி நூலில் 73 பாடல்கள், பெண் துறவிகள் பாடியவை. அதில் சோமா என்ற பிக்குணியிடம், துறவிகளின் மனத்தைக் கலைக்க வரும் மாரன் வந்து கிண்டல் செய்கிறான்: முனிவர்கள் அடைகிற இடத்தை இரண்டு விரல் அறிவு படைத்த பெண்ணால் அடைய முடியாது. இரண்டு விரல் அறிவு என்றால் என்ன என்று உரைகாரர் விளக்கம் தருகிறார். ஏழெட்டு வயதிலிருந்து சோறு சமைக்கிறாள், ஆனாலும் சோறு வெந்ததா இல்லையா என்று அவளுக்குத் தானாகத் தெரியாது, கரண்டியில் எடுத்து இரண்டு விரலால் நசுக்கிப் பார்த்தால்தான் தெரியும், அவ்வளவுதான் அவள் அறிவு. சமையலறைக்குள் கால் வைக்காத யாரோ சொன்ன விளக்கம். சோமாவின் பதில் மாரனை விரட்டிவிடுகிறது: மனம் நன்றாக ஒருமுகப்பட்டு உண்மையைக் கண்டபின் பெண் என்பது அங்கே என்ன செய்யும்? இதே கதை வரும் சம்யுத்த நிகாயம் என்ற பாலித் தொகுப்பில் இன்னும் ஓர் அடி உண்டு: நான் பெண், நான் ஆண், நான் இன்னது என்று எண்ணுகிறவர்களிடம் போய்ச் சொல் உன் பேச்சை.

இலங்கைக்கு அசோகரின் மகள் சங்கமித்தையோடு போன பிக்குணி மரபு 11ஆம் நூற்றாண்டுப் போர்க்காலத்தில் அற்றுப்போனது. ஒரு பிக்குணியை உருவாக்கப் பிக்குணிகள் வேண்டும் என்பது விதி, ஆகவே ஒருமுறை அறுந்தால் அறுந்ததுதான். ஆனால் அதற்கு ஆறு நூற்றாண்டு முன்பே, 433இல், தேவசாரா என்பவர் தலைமையில் இலங்கைப் பிக்குணிகள் கப்பலேறிச் சீனா போயிருந்தார்கள். அங்கே நான்ஜிங் நகரில் 300 பெண்களுக்கு மேல் முறைப்படி துறவேற்க உதவினார்கள். அந்தச் சீன மரபு இன்றுவரை அறவில்லை. 1998இல் புத்தகயாவில் அந்த மரபில் வந்த பிக்குணிகள் முன்னிலையில் இலங்கைப் பெண்கள் துறவேற்றார்கள். கொடுத்து வைத்திருந்ததை 1500 ஆண்டு கழித்துத் திரும்ப வாங்கிக்கொண்ட மாதிரி. இது செல்லாது என்று சொல்லும், இலங்கையும் தாய்லாந்தும் பின்பற்றும் தேரவாத மரபின் மூத்த பிக்குகள் இன்றும் உண்டு. தாய்லாந்தில் பெண்ணுக்குத் துறவு கொடுக்கக்கூடாது என்ற 1928ஆம் ஆண்டுச் சங்க ஆணையும் நீக்கப்படவில்லை.

பதவி வரிசையில் தள்ளி வைத்தாலும் ஆன்ம விடுதலை சமம் என்று ஒப்புக்கொள்வதுதான் பெரும்பாலான மதங்களின் வழி. அந்த விடுதலையே பெண்ணுக்கு உண்டா என்று நூற்றாண்டுக் கணக்கில் தர்க்கம் செய்தவர்கள் சமணர்கள். மகாவீரரைப் பின்பற்றிய துறவிகள் 14,000, துறவினிகள் 36,000 என்கிறது வெள்ளாடைத் துறவிகளின் பிரிவான சுவேதாம்பரர்களின் கல்ப சூத்திரம். எண்ணிக்கையை நம்பவேண்டியதில்லை, ஆனால் பெண்களே அதிகம் என்று ஒரு மதம் தன்னைப் பற்றி நினைவு வைத்திருப்பதைக் கவனிக்கலாம். ஆடையில்லாத் துறவிகளின் பிரிவான திகம்பரர்களின் வாதம் உடையில் தொடங்குகிறது. ஆடை உட்பட எல்லாவற்றையும் துறந்தால்தான் வீடுபேறு, பெண் ஆடை துறக்க முடியாது, ஆகவே ஆணாகப் பிறந்து வரவேண்டும். இதைவிடச் சாமர்த்தியமான இன்னொரு வாதமும் உண்டு. பெண் ஏழாம் நரகத்துக்குப் போகமாட்டாள் என்பதை இரு தரப்பும் ஏற்கிறது, அவ்வளவு கொடிய பாவம் செய்யும் வலு அவளுக்கு இல்லை. மிகக் கீழே விழும் வலு இல்லாதவளுக்கு மிக மேலே ஏறும் வலு எப்படி இருக்கும்? 9ஆம் நூற்றாண்டில் சாகடாயனர் இதற்குப் பதில் எழுதினார்: கீழே போவதற்கும் மேலே போவதற்கும் என்ன சம்பந்தம்? ஒன்று இல்லையென்றால் மற்றது இல்லை என்று எங்கே நிறுவினீர்கள்? இந்த விவாதத்தால், சமணர்கள் வணங்கும் அருகர்களான தீர்த்தங்கரர்களில் ஒருவருக்கே இரண்டு பால் உண்டு. 19ஆம் தீர்த்தங்கரர் சுவேதாம்பரர்களுக்கு மல்லி என்ற பெண், திகம்பரர்களுக்கு மல்லிநாதர் என்ற ஆண்.

புனிதம் வேண்டுமென்றால் ஆணாகு என்பது சமணத்தோடு நிற்கவில்லை. பௌத்தர்களின் தாமரைச் சூத்திரத்தில் நாக அரசனின் எட்டு வயது மகள் நொடியில் ஆணுருவம் எடுத்துத்தான் புத்தநிலை அடைகிறாள். பைபிளில் சேராத தோமாவின் நற்செய்தி என்ற ஏட்டின் கடைசி வாசகம், மரியாளை ஆணாக்குவேன் என்று இயேசு சொல்வதாக முடிகிறது. ஆண் வேடத்தில் மடத்தில் வாழ்ந்து, இறந்த பின் உடலைக் குளிப்பாட்டும்போதுதான் பெண் என்று தெரியவந்த துறவிகளின் கதைகள் கிழக்குத் திருச்சபைகளில் ஏராளம். காரைக்கால் அம்மையார் கேட்டது வேறு. அவருக்கு ஆணுருவம் வேண்டியிருக்கவில்லை, கணவனுக்காகத் தாங்கிய அழகை உதறிவிட்டுப் பேயுருவம் கேட்டு வாங்கினார், தலையால் நடந்து போனார். பெண்ணுடலின் கணக்கிலிருந்தும் ஆணுடலின் கணக்கிலிருந்தும் ஒரே உதறலில் வெளியேறிய மாதிரி. விமலகீர்த்தி சூத்திரம் என்ற பௌத்த நூலில் வரும் தேவதையோ இந்தக் கேள்வியையே கேலியாக்கிவிடுகிறாள். இவ்வளவு ஞானம் இருந்தும் நீ ஏன் பெண்ணுருவத்தை மாற்றிக்கொள்ளவில்லை என்று புத்தரின் சீடர் சாரிபுத்திரர் கேட்கிறார். பன்னிரண்டு ஆண்டாகத் தேடுகிறேன், பெண் என்று ஒன்று எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை என்று சொல்லிவிட்டு அவரைப் பெண்ணாக மாற்றிவிடுகிறாள், இப்போது மாறிப்பாருங்கள் என்கிறாள். பௌத்த இலக்கியத்தில் இதைவிட நல்ல நகைச்சுவைக் காட்சி நான் படித்ததில்லை. இந்தியாவிலிருந்து ஆணாகப் போன பௌத்தக் கருணைத் தெய்வம் அவலோகிதேசுவரர் சீனாவில் கொஞ்சம் கொஞ்சமாக குவான்யின் என்ற பெண்ணாகிவிட்டதையும் இங்கே சேர்த்துக்கொள்ளலாம். பாலை மாற்றிக்கொள்வது தெய்வங்களுக்கு மனிதர்களைவிட எளிது.

பதவி இல்லாத பெண்ணுக்கு ஐரோப்பாவில் கிடைத்த வழி தரிசனம். நான் பேசவில்லை, அவர் என் வழியாகப் பேசுகிறார் என்றால் ஆயரும் வாய்மூடிக் கேட்கவேண்டியிருந்தது. ஜெர்மானிய மடத்தலைவி, பிங்கன் ஊர் ஹில்டகார்ட் (1098-1179) தன்னைப் படிப்பறியாத எளிய பெண் என்று சொல்லிக்கொண்டே போப்புக்கும் சக்கரவர்த்திக்கும் கண்டனக் கடிதம் எழுதினார். 80 வயதில், சபையிலிருந்து விலக்கப்பட்டிருந்த ஒரு பிரபுவை மடத்து இடுகாட்டில் புதைத்ததற்காக, உடலைத் தோண்டி வெளியே போடு என்று மேலிடம் உத்தரவிட்டது. சாகுமுன் அவர் மன்னிப்புப் பெற்றுவிட்டார் என்று சொல்லி மறுத்தார். மடத்தில் பாடுவதைத் தடைசெய்தார்கள். கடவுளைப் பாடும் வாயை அடைப்பவர்களுக்கு விண்ணுலகத்து இசையில் இடமிருக்காது என்று எழுதி அனுப்பினார் கிழவி. தடை நீங்கியது, அதே ஆண்டில் இறந்தார்.

மார்கரீத் பொரேத்துக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. மடத்தில் சேராமல், திருமணமும் செய்யாமல், உழைத்துப் பிழைத்துக்கொண்டு பக்தியில் வாழ்ந்த பெகீன்கள் எனப்படும் பெண்களில் ஒருவர் அவர். லத்தீனில் எழுதவில்லை, சாதாரண மக்கள் பேசும் பிரெஞ்சில் எழுதினார். அவர் நூலில் அன்பும் அறிவும் பாத்திரங்களாக வந்து உரையாடுகின்றன, நடுவில் அறிவு அதிர்ச்சியில் செத்தே போகிறது. முதலில் புத்தகத்தை அவர் கண்ணெதிரே எரித்து எச்சரித்தார்கள். அவர் மறுபடியும் பரப்பினார். ஒன்றரை ஆண்டு சிறையில் விசாரணை அதிகாரி முன் சத்தியப்பிரமாணம் எடுக்கவோ வாய்திறக்கவோ மறுத்தார். பாரிஸின் 21 இறையியல் பேராசிரியர்கள் நூலின் வரிகளைக் கண்டித்துக் கையெழுத்திட்டார்கள். எரித்த பிறகும் படிகள் தப்பின. லத்தீனுக்கும் இத்தாலியத்துக்கும் ஆங்கிலத்துக்கும் போயின. துறவிகள் பெயர் தெரியாமல் படித்து உருகினார்கள். 1946இல்தான் ரோமானா குவார்னியேரி என்ற இத்தாலிய ஆய்வாளர் நூலையும் எரிக்கப்பட்ட பெண்ணையும் சேர்த்து வைத்தார். பெண் எழுதினாள் என்று தெரியாதவரை அந்த எழுத்தில் பலருக்குப் பெரிய குறை தெரியவில்லை.

பெண்கள் இத்தனைக்கும் பிறகு ஏன் நம்பிக்கையைக் கைவிடவில்லை என்று சிலர் கேட்பதுண்டு. 2016இல் பியூ ஆய்வு மையம் 192 நாடுகளின் விவரத்தைப் பார்த்துச் சொன்னது: ஏதாவதொரு மதத்தைச் சார்ந்தவர்கள் பெண்களில் 83.4 சதவீதம், ஆண்களில் 79.9 சதவீதம். அறியாமை என்று இதைத் தள்ளிவிடுவது சோமாவிடம் மாரன் பேசிய பேச்சுதான். விதவைக்கும் மணமுடிக்க விரும்பாதவளுக்கும் படிக்க ஆசைப்பட்டவளுக்கும் பல நூற்றாண்டுகள் மடத்தைத் தவிர வேறு முகவரியே இருந்ததில்லை. லூத்தர் வழியில் போன ஊர்களில் கன்னிமடங்களை மூடியபோது சில கன்னியர் மகிழ்ந்து வெளியேறினார்கள், சிலர் கதவைத் தாழிட்டுக்கொண்டு வர மறுத்தார்கள். இரண்டும் நடந்தது, இரண்டுக்கும் நியாயம் இருந்தது.

கடைசியாக ஒன்று. ஆபத்துக் காலம் வந்தால் மூடிய கதவு சட்டென்று திறக்கும், ஆபத்து தீர்ந்ததும் மூடிக்கொள்ளும். ஜப்பானியப் போரின் நடுவே மக்காவ் ஆங்கிலிகன் சபைக்கு குரு இல்லாமல் போக, 1944 ஜனவரியில் ஆயர் ரொனால்ட் ஹால், புளோரன்ஸ் லி டிம் ஓய் என்ற பெண்ணுக்குக் குருப்பட்டம் கொடுத்தார். போர் முடிந்ததும் எதிர்ப்பு வந்தது, ஆயரைக் காப்பாற்ற லி தாமே குருவாகப் பணிபுரியும் உரிமையைக் கைவிட்டார்.

பெர்லினில் 1902இல் பிறந்த ரெஜினா யோனாஸின் கதை இன்னும் கனமானது. யூத மதச் சட்டப்படி பெண் ரபி, அதாவது மதகுரு, ஆகலாமா என்பதையே ஆய்வுக்கு எடுத்து, ஆகலாம் என்று 1930இல் நிறுவினார். 1935 டிசம்பரில் ரபி மாக்ஸ் தீனமன் அவருக்குப் பட்டம் கொடுத்தார். நாஜிகள் ரபிகளைத் துரத்தத் துரத்த, ஆளில்லாத ஊர்களுக்கெல்லாம் அவர் போய்ப் பிரசங்கம் செய்தார். 1942 நவம்பரில் தெரேசியன்ஸ்டாட் முகாமுக்கு அனுப்பினார்கள். அங்கே ரயிலிறங்கி நிலைகுலைந்து நிற்பவர்களைத் தேற்றும் வேலையில் மனநல மருத்துவர் விக்டர் பிராங்கலோடு சேர்ந்து இயங்கினார். 1944இல் ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டார். பிராங்கல் பிழைத்து உலகப்புகழ் பெற்றார், பெர்லினில் இவரை அறிந்திருந்த ரபி லியோ பேக்கும் பிழைத்தார். இருவர் எழுத்திலும் இவர் வரவில்லை. 1972இல் அமெரிக்காவில் சாலி பிரீசண்ட் பட்டம் பெற்றபோது, உலகத்தின் முதல் பெண் ரபி என்றே செய்தி போனது.

பெர்லின் சுவர் விழுந்தபின் கிழக்குப் பகுதி ஆவணக் காப்பகம் ஒன்று திறந்தது. முகாமுக்குப் போகுமுன் ரெஜினா ஒப்படைத்துவிட்டுப் போன பட்டச் சான்றிதழும் ஆய்வேடும் ரபி உடையில் எடுத்த புகைப்படமும் உள்ளே இருந்தன. தெரேசியன்ஸ்டாட் காப்பகத்திலும் அவர் கையெழுத்தில் ஒரு தாள் இருக்கிறது. முகாமில் ஆற்றவிருந்த 24 சொற்பொழிவுகளின் பட்டியல். யூதப் பெண்களின் வரலாறு அதில் ஒரு தலைப்பு. பட்டியலுக்கு மேலே, ஒரே பெண் ரபியான ரெஜினா யோனாஸின் சொற்பொழிவுகள் என்று தெளிவாக எழுதி வைத்திருக்கிறார்.